கல் விழுந்தால் மட்டும்

ஐம்பதை எட்டப்போகிற ஆளைத் தம்பி என்று சொன்னால் சிரிப்பு வரும். ஆனால் அந்தக் காட்சிக்கூடத்தில் அவனுக்கு வேறு அடையாளம் கிடையாது. வாசல் காவலாளிகூட "ஆர்ட்டிஸ்ட் அம்மாவோட தம்பி" என்றுதான் உள்ளே விட்டார். மருத்துவமனையில் அவன் மாவுக்கட்டுக்காரர். உடைந்த கை கால்களுக்குக் கட்டுப் போடுவதும், ஆறு வாரம் கழித்து அதே கட்டை ரம்பத்தால் அறுத்து எடுப்பதும் இருபத்தாறு வருடப் பிழைப்பு. அன்று அரை நாள் விடுப்பு எழுதிக் கொடுத்துவிட்டு, ரம்பமும் கத்தரியும் வைத்திருந்த பையோடு ஒன்றரை மணிக்கே வந்துவிட்டான்.

அக்காவைப் பற்றி இரண்டு விதமாகப் பேசுவார்கள். அவள் கரித்துண்டால் வரைந்த பெரிய உடம்புகளை வாங்கி வரவேற்பறையில் மாட்டியவர்கள் ஒரு விதமாகவும், அவளே போய் எங்காவது நின்றபோது பார்த்தவர்கள் இன்னொரு விதமாகவும். நாற்பத்தேழாவது வயதில் மூன்று நாள் ஒரு துணிக்கடையின் கண்ணாடிப் பெட்டிக்குள், பொம்மைகளோடு பொம்மையாக, கழுத்தில் சீட்டுத் தொங்க நின்றாள். சீட்டில் விலை இருக்க வேண்டிய இடத்தில் அவள் வயது. அதற்கு மூன்று புகார்கள் போயின. அதில் ஒன்று எதிர்க்கடைக்காரர் கொடுத்தது. கூட்டமெல்லாம் அந்தப் பக்கமே போய்விட்டதாம்.

இந்த மாதிரி வேலைகள் எல்லாவற்றிலும் அவள் இடது கையில் ஒரு கல் இருக்கும். கோலிக்குண்டைவிடக் கொஞ்சம் பெரிய, வழுவழுப்பான ஆற்றுக்கல். கைக்குக் கீழே ஒரு தகரத் தட்டு. வேலை முடிகிறவரை பேசமாட்டாள், கண் திறக்கமாட்டாள், முகத்தில் ஒன்றையும் காட்டமாட்டாள். தாங்க முடியாமல் போனால் கல்லை விடுவாள். தட்டில் சத்தம் கேட்டதும் தம்பி ஓடிப்போய் எல்லாவற்றையும் நிறுத்த வேண்டும். கல் விழுந்தால் மட்டும். பதினெட்டு வருடத்தில் கல் ஒரு தடவைகூட விழவில்லை.

ஆனால் தம்பி ஒரு தடவை நிறுத்தியிருக்கிறான். ஆறு வருடத்துக்கு முன்னால். கழுத்தளவு உப்புத் தண்ணீர் நிரப்பிய கண்ணாடித் தொட்டியில் அவள் ஆறு மணி நேரம் நிற்க வேண்டும். ஐந்தாவது மணி நேரத்தில் அவள் உதடு நீலம் பாரித்த மாதிரி அவனுக்குப் பட்டது. தண்ணீருக்கடியில் கால் விரல்கள் மடங்கி வெளுத்திருந்தன. முகம் பொய் சொல்லும், கால் விரல் பொய் சொல்லாது என்பது கட்டு அறையில் அவன் படித்த பாடம். தொட்டியின் அடைப்பைப் பிடுங்கிவிட்டான். ஊரே பார்க்கத் தண்ணீர் வடிந்தது. டாக்டர் வந்து பார்த்துவிட்டு, நாடியும் நன்றாக இருக்கிறது, சூடும் நன்றாக இருக்கிறது, யார் நிறுத்தச் சொன்னது என்று கேட்டார்.

அக்கா இரண்டு வருடம் அவனோடு பேசவில்லை. அவன் மகளின் கல்யாணத்துக்கு வந்தாள், கடைசி வரிசையில் உட்கார்ந்தாள், போய்விட்டாள். பிறகு ஒருநாள் அவளாகவே கட்டு அறைக்கு வந்து, அடுத்த ஆள் என்று நினைத்து அவன் நிமிர்ந்தபோது, சொன்னாள்:

"எனக்கு வேற யாரையும் நம்பத் தெரியல. ஆனா இன்னொரு தடவை கல்லு விழாம கை வச்சேன்னு வை, உனக்கு அக்கா இல்ல. அம்மா இருக்கறவரைக்கும் அம்மாவுக்காகப் பல்லைக் கடிச்சிட்டு இருக்கலாம்னு நெனைக்காத. அதுவும் கெடையாது."

சொன்னால் செய்கிறவள். அது அவனுக்குத் தெரியும்.

இன்றைய வேலைக்கு அவள் வைத்த பெயர் 'ஆளுக்கு ஒரு சுற்று'. நாற்காலியில் அவள் உட்கார்ந்திருப்பாள். வருகிறவர்கள் வரிசையில் வந்து, மாவுத்துணிச் சுருள் ஒன்றை எடுத்து, அதன் மேல் ஒரு வரி எழுத வேண்டும். வீட்டில் தங்களுக்கு யாராவது போட்ட உத்தரவு, இல்லை தாங்கள் யாருக்காவது போட்ட உத்தரவு. பிறகு சுருளைத் தண்ணீரில் நனைத்து அவள் உடம்பில் எங்கே வேண்டுமோ அங்கே சுற்றலாம். கழுத்துக்கு மேலே கூடாது. இடது மணிக்கட்டில் கட்டிய சிவப்பு நூலுக்கு அப்பால் கூடாது. இரண்டு மணியிலிருந்து ஆறு மணிவரை.

மாவு அவன் சொத்து. அதனால் யோசனை சொன்ன நாளிலிருந்தே சண்டை. நனைத்த மாவு இறுகும்போது சூடாகும், ஒரு சுற்றென்றால் வெதுவெதுப்பு, இருபது சுற்றென்றால் தோல் வெந்துவிடும் என்று அவன் தலைபாடாக அடித்துக்கொண்டான். உடம்பை ஒட்டிய வெள்ளைப் பருத்தி உடைக்கு மேல் கனமாகப் பஞ்சு சுற்ற வேண்டும் என்றான். "பஞ்சு மூட்டையைக் கட்டறதுக்கா நான் இவங்களக் கூப்பிடறேன்" என்றாள். கடைசியில் ஒரே ஒரு சுற்றுப் பஞ்சுக்குச் சம்மதித்தாள். வயிற்றின் மேல் ஒரு துண்டை மடித்து வைத்து, கட்டு இறுகியதும் அதை உருவிவிட்டால் மூச்சு விட இடம் இருக்கும் என்றான். அதற்கும் சரி என்றாள். தண்ணீர் பச்சைத் தண்ணீராகவே இருக்க வேண்டும், இருபது சுருளுக்கு ஒருமுறை தொட்டியை மாற்ற வேண்டும், மாவு கரைந்த தண்ணீர் இறுக்கத்தையும் சூட்டையும் ஏற்றிவிடும் என்று கூடத்து நிர்வாகியிடம் மூன்று தடவை சொன்னான். நிர்வாகி மூன்று தடவையும் தலையாட்டினார்.

இரண்டு மணிக்கு ஐந்து நிமிடம் இருக்கும்போது அக்கா நாற்காலியில் உட்கார்ந்தாள். இடது கை நாற்காலிக் கைப்பிடியின் விளிம்பைத் தாண்டி, விரல்கள் கீழே பார்க்க மூடியிருந்தது. அவன் தட்டைச் சரியாக அதன் நேர் கீழே நகர்த்தினான்.

"நடுவுல வந்து காதுல ஏதாச்சும் கேப்ப. நான் பதில் சொல்லமாட்டேன். தலைகூட ஆட்டமாட்டேன்" என்றாள்.

"தெரியும்க்கா."

"கேள்வி கேட்டே என் வேலையக் கெடுக்கறவன் நீ."

"சரி, கேக்கல. மூச்சு மட்டும் விடு."

"அத மறந்தா ஞாபகப்படுத்து" என்று சொல்லிக் கண்ணை மூடிக்கொண்டாள். அதற்குப் பிறகு அவள் முகம் ஒரு மூடிய கதவு.

முதல் அரை மணி நேரம் கூட்டம் வெட்கப்பட்டது. கல்லூரிப் பெண் ஒருத்தி 'சத்தமாகச் சிரிக்காதே' என்று எழுதி, அக்காவின் தோளில் சுருளைச் சுற்றிவிட்டு, மன்னிப்புக் கேட்கிற மாதிரி அந்தத் தோளை ஒரு தட்டுத் தட்டிவிட்டுப் போனாள். வழுக்கைத் தலையர் ஒருவர் 'கேள்வி கேட்காதே' என்று எழுதினார். தொந்தி பெருத்த இன்னொருவர் 'சர்க்கரை போடாதே' என்று எழுதித் தம்பியிடம் காட்டினார்.

"என் வீட்டம்மா எனக்குப் போட்ட உத்தரவு சார். இதுவும் சேத்திதானே?"

"உத்தரவுன்னா சேத்திதான்."

"அப்ப வயித்துல சுத்தறேன். அங்கதான் பொருத்தம்."

சிரிப்பு வரிசை முழுக்கப் பரவியது. கூச்சம் போனது அப்போதுதான். கூச்சம் போனதும் தம்பி ஒன்றைக் கவனித்தான். யாரும் காலில் சுற்றவில்லை. பாதம் இரண்டும் அப்படியே வெறுமையாக இருந்தன. எல்லாருக்கும் மார்புதான் வேண்டியிருந்தது. ஒட்டிய உடையில் தெரிகிற மார்பை மூட வேண்டும் என்று யாரும் சொல்லவில்லை. ஆனால் ஆணும் பெண்ணும் ஒருவர்பின் ஒருவராக அங்கேயே கையைக் கொண்டுபோனார்கள். மார்பு மூடியபிறகும் அதன்மேலேயே சுற்றினார்கள். நான்கே கால் மணிக்கு அவள் கழுத்துக்குக் கீழே ஒரு வெள்ளைப் பீப்பாய் இருந்தது.

வயிற்றுத் துண்டை உருவினான். பாதி வந்தது, மீதி சிக்கிக்கொண்டது. இழுத்துப் பார்த்து விட்டுவிட்டான். தண்ணீர்த் தொட்டியைப் பார்த்தான். பால் மாதிரி இருந்தது.

"தண்ணி மாத்தச் சொன்னேனே?"

"வரிசை தெருவரைக்கும் போயிருக்கு சார்" என்றார் நிர்வாகி. "நிறுத்தி நிறுத்தி மாத்தினா ஆறு மணிக்குள்ள பாதிப்பேருகூட வரமுடியாது."

தம்பி தானே தொட்டியைச் சாய்த்துக் கொட்டினான். அடியில் விரல் தடிமனுக்கு மாவு படிந்திருந்தது.

புதுத் தண்ணீரோடு திரும்பியபோது வரிசையின் தலையில் அம்மா நின்றிருந்தாள்.

அம்மா அவன் வீட்டில்தான் இருக்கிறாள். எழுபத்தாறு வயது, ஊன்றுகோல். மகள் செய்த எதையும் அவள் நேரில் வந்து பார்த்ததில்லை. துணிக்கடை விவகாரத்தின்போது தொலைக்காட்சியை அணைத்துவிட்டு உள்ளே போனவள். காலையில்கூட "எத்தன மணிக்குத் திரும்புவ?" என்று கேட்டாளே தவிர வருவதாகச் சொல்லவில்லை. வாடகைக் கார் பிடித்து வந்து, யாரிடமும் இன்னார் என்று சொல்லிக்கொள்ளாமல், முக்கால் மணி நேரம் வரிசையில் நின்றிருக்கிறாள்.

மார்க்கர் பேனாவை வாங்கி, சுருளை மேஜையில் வைத்து அழுத்தி எழுதினாள். தம்பி எட்டிப் பார்த்தான். 'அசையாம இரு.'

சின்ன வயதில் அக்காவுக்குத் தலை பின்னும்போது அம்மா சொல்வது. சீப்பால் மண்டையில் ஒரு தட்டு, பிறகு இது. தம்பி தினமும் கட்டு அறையில் முப்பது பேரிடம் சொல்வதும் இதுதான் என்பது அவனுக்கு அப்போது தோன்றவில்லை.

அம்மா சுருளை நனைத்தாள். மார்பைப் பார்க்கவில்லை, வயிற்றைப் பார்க்கவில்லை. நேராக இடது கைக்குப் போனாள். முகமும் பாதமும் தவிர அங்கே மட்டும்தான் மகளின் தோல் தெரிந்தது. சிவப்பு நூல் அவள் கண்ணில் படவில்லை. பட்டிருந்தாலும் அவளுக்கு அது நூல், அவ்வளவுதான். மூடிய விரல்களைத் தன் கைக்குள் கொஞ்ச நேரம் வைத்திருந்தாள். பிறகு சுற்ற ஆரம்பித்தாள்.

தம்பி ஓரடி தள்ளி நின்றான். வேண்டாம்மா என்று சொல்லியிருக்க வேண்டும். வாய் வரவில்லை. அம்மா முதல்முதலாக வந்திருக்கிறாள், அவளைப் போய் எப்படி. ஒரு சுற்றுத்தானே, இறுக ஐந்து நிமிடம் ஆகும், அம்மா நகர்ந்ததும் ஈரத்தோடு கழற்றிவிடலாம் என்று நினைத்தான். நினைப்பு சரிதான்.

ஆனால் அம்மா சுற்றியது ஈரத் துணியைக் கொடியில் போட்ட மாதிரி இருந்தது. ஒரு பக்கம் தொங்கல், ஒரு பக்கம் சுருக்கம், நுனி கீழே ஆடியது. இருபத்தாறு வருடத்தில் இப்படி ஒரு கட்டை அவன் சும்மா பார்த்துக்கொண்டு நின்றதில்லை. அவன் கைகள் போய்விட்டன. நுனியை மடித்துச் செருகி, சுருக்கத்தை இழுத்துவிட்டு, தன் விரல் நுனி படாமல் உள்ளங்கையின் அடிப்பாகத்தால் மணிக்கட்டிலிருந்து அவள் மூடிய விரல் முட்டிவரை வழித்து வழித்து, மாவு துணியின் இழைக்குள் இறங்கும்வரை தேய்த்தான். ஒரு நிமிடம்கூட ஆகியிருக்காது. முட்டை ஓடு மாதிரி வந்தது.

"நல்லாக் கட்டியிருக்கேனா?" என்று அம்மா கேட்டாள்.

"ஜோராக் கட்டியிருக்க."

அம்மாவின் கால் நடுங்கியது. கையைப் பிடித்துக் கூட்டிப்போய்ச் சுவரோரம் நாற்காலியில் உட்கார வைத்தான். தண்ணீர் கேட்டாள். உள்ளறைக்குப் போய், குவளை தேடி, தண்ணீர் பிடித்துக் கொடுத்து, குடித்ததும் வாயைத் துடைத்துவிட்டான். "மூஞ்சியப் பாத்தியா, சின்னப்புள்ளைல தூங்கற மாதிரியே இருக்கு" என்றாள். பதில் சொல்லிவிட்டுத் திரும்பினான்.

நூலுக்கு அப்பால் ஒருத்தர் சுற்றியதைப் பார்த்த வரிசை, அங்கேயும் சுற்றலாம் போல என்று எடுத்துக்கொண்டிருந்தது. கைமேல் ஐந்தாறு சுற்று ஏறியிருந்தது. அதற்கு நேர் கீழே தகரத் தட்டு வெறுமையாகப் பளபளத்தது.

அப்போதுதான் அவனுக்கு உறைத்தது. கல் உள்ளே இருக்கிறது. அவள் விரலைத் திறக்க நினைத்தாலும் திறக்காது. திறந்தாலும் விழாது.

மணி நான்கு நாற்பது.

வரிசைக்குக் குறுக்கே கையை நீட்டினான். "ஒரு நிமிஷம், யாரும் கட்ட வேண்டாம்." நாற்காலிக்குப் பக்கத்தில் மண்டியிட்டான். புறங்கையை மார்புக் கட்டின்மேல் வைத்தான். சூடு. அப்போதுதான் ஊற்றிய டீ டம்ளரைத் தொட்ட மாதிரி. வெளியே இந்தச் சூடு என்றால் உள்ளே எவ்வளவு இருக்கும் என்று அவனுக்குக் கணக்குத் தெரியும். அவள் நெற்றியில் வியர்வை வழிந்தது. ஆனால் கூடத்தில் எல்லாருக்கும்தான் வியர்த்தது. மூச்சு மேலாக, குட்டை குட்டையாக வந்தது. ஆனால் எல்லா வேலையிலும் அவள் அப்படித்தான் மூச்சு விடுவாள். முகத்தில் ஒன்றும் இல்லை. அதைப் பதினெட்டு வருடமாகப் பழகியவள்.

பாதத்தைப் பார்த்தான். விரல்கள் தரையைக் கவ்விப் பிடித்து மடங்கி வெளுத்திருந்தன. உப்புத் தொட்டியிலும் இப்படித்தான் இருந்தன. அன்றைக்கு அவன் தப்பு.

காதருகே குனிந்தான். "அக்கா, கை மாட்டிக்கிச்சு. கல்லு விழாது. வேணும்னா கண்ணைத் தெற. ஒருதரம் தெற போதும்."

இமை அசையவில்லை. பதில் சொல்லமாட்டேன் என்று உட்காரும்போதே சொல்லியிருந்தாள். பதில் இல்லை என்பதற்கு, நன்றாக இருக்கிறேன் என்றும் அர்த்தம் இல்லை, நன்றாக இல்லை என்றும் அர்த்தம் இல்லை.

நிர்வாகி பக்கத்தில் வந்து நின்றார். "என்ன சார் பிரச்சன?"

"கல்லு உள்ள மாட்டிருக்கு."

"விழலதான?"

"விழ முடியாதுங்கறேன்."

நிர்வாகி சட்டைப் பையிலிருந்து மடித்த தாளை எடுத்தார். அக்காவின் கையெழுத்து. கல் விழுந்தால் தவிர, ஆறு மணிக்கு முன் யாரும் ஒரு சுற்றைக்கூட அவிழ்க்கக் கூடாது. "இதுல உங்களத் தனியாக் குறிப்பிட்டு எழுதியிருக்காங்க, பாருங்க. 'என் தம்பி உட்பட.' பழைய விஷயம் எனக்கும் தெரியும் சார். இன்னைக்கி நீங்க கை வச்சா நாளைக்கி அவங்க என்னத்தான் கேப்பாங்க."

தம்பி அந்த மூன்று வார்த்தையையே பார்த்துக்கொண்டிருந்தான். என் தம்பி உட்பட. பின்னால் யாரோ "இதுவும் நாடகத்துல சேத்திதான்டா, பாரு" என்று சொல்வது கேட்டது. வரிசையில் நின்றவர்களின் கைபேசிக் கேமராக்கள் அவன்மேல் திரும்பின.

ஒரு மணி நேரம் பதினைந்து நிமிடம் இருக்கிறது. அவள் நன்றாக இருந்து அவன் அறுத்தால், அக்கா போனாள். அவள் வெந்துகொண்டிருந்து அவன் நின்றால், அப்போதும் அக்கா போனாள். கட்டு அறையில் இப்படி ஒரு நிலைமை வராது. அங்கே நோயாளி கத்துவான்.

பையைத் திறந்து ரம்பத்தை எடுத்தான்.

"சார்" என்று நிர்வாகி கையைப் பிடித்தார்.

"நிறுத்தல. மார்பைத் தொடமாட்டேன். கைய மட்டும் தெறக்கறேன். கல்லுக்கு வழி விடறேன், அவ்வளவுதான். விடறதும் வச்சுக்கறதும் அவ இஷ்டம்."

"அதுவும் அவுக்கறதுதான்."

"அப்ப என்மேல எழுதிக்கோங்க."

ரம்பம் கிர்ரென்று கத்தியது. முன்வரிசை பின்வாங்கியது. இதன் பல் சுழலாது, நடுங்கும். பஞ்சின்மேல் என்றால் தோலைத் தொடாது. ஆனால் அந்தக் கையில் பஞ்சு இல்லை. வெறும் தோல்மேல் அம்மாவின் சுற்று. அழுத்து, தூக்கு, ஒரு நெல் தூரம் நகர், மறுபடி அழுத்து. மாவு மூக்கில் ஏறியது.

"டேய்." அம்மா ஊன்றுகோலோடு எழுந்து வந்திருந்தாள். "நான் கட்டினத ஏன்டா அறுக்கற?"

"ஒண்ணுமில்லம்மா. உக்காரு."

"நல்லாக் கட்டியிருக்கேன்னு சொன்னியே."

"நல்லாத்தாம்மா கட்டியிருக்க. உக்காரு."

உட்காரவில்லை. அவன் தோளுக்குப் பின்னால் நின்றாள். அவள் மூச்சு அவன் காதில் பட்டது. ஒரு பக்கம் அறுத்து முடித்து மறுபக்கம் வந்தான். அறுத்த கோட்டில் இடுக்கியை நுழைத்து விரித்தான். படக்கென்று ஓடு இரண்டாகப் பிளந்தது. மேல் பாதியின் உள்பக்கத்தில் 'அசையாம இரு' பாதி மறைந்து பாதி தெரிந்தது.

உள்ளே மூடிய கை. சிவந்து, ஈரமாக, மாவு அப்பியிருந்தது. ரம்பத்தை அணைத்தான். விரல்கள் அப்படியே மூடியிருந்தன.

ஒன்று, இரண்டு, மூன்று என்று மனசுக்குள் எண்ணினான். விரல் திறக்கவில்லை. நன்றாகத்தான் இருக்கிறாள். மறுபடியும் கெடுத்துவிட்டேன் என்று அவன் தலையைக் குனிந்தான்.

சுண்டு விரல் முதலில் அசைந்தது. பிறகு மோதிர விரல். மரத்துப்போன விரல்களை ஒவ்வொன்றாகத் தேடிப் பிடித்துத் திறக்கிற மாதிரி. கல் உள்ளங்கை மாவில் ஒட்டிக்கொண்டிருந்தது. அவள் மணிக்கட்டை உதறினாள்.

தகரத்தில் விழுந்த சத்தம் தெருவரைக்கும் கேட்டிருக்கும் என்று பிறகு யாரோ சொன்னார்கள்.

மார்புக் கட்டை அறுக்க ஏழு நிமிடம் ஆனது. முன்பக்கம் முழுசாகக் கழன்று வந்தபோது ஆவி கிளம்பியது. விலாவுக்கு மேலே இரண்டு இடத்தில் உடை தோலோடு ஒட்டியிருந்தது. அக்கா வாயைத் திறந்து காற்றை இழுத்தாள். அந்தச் சத்தத்தைக் கேட்டுத்தான் கூட்டம் கலைந்தது. நிர்வாகி வண்டிக்கு ஓடினார். அம்மா பிளந்த ஓட்டின் இரண்டு பாதியையும் எடுத்து மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

மருத்துவமனைத் தாழ்வாரத்தில் அவள் அவனிடம் ஒன்றே ஒன்றுதான் கேட்டாள். "நான் கட்டினதாலயா?"

"இல்லம்மா. தண்ணி மாத்தல. அதனால."

மூன்றாம் நாள் மத்தியானம், கட்டு அறையில் வேலை முடித்துவிட்டு இரண்டு மாடி ஏறி அக்காவின் அறைக்குப் போனான். மார்பு முழுக்க மருந்துத் துணி. இடது கை தலையணைமேல். நகங்கள் வெளிறியிருந்தாலும் விரல்கள் அசைந்தன.

"எப்பலேர்ந்துக்கா?" என்று கேட்டான்.

"அம்மா வர்றதுக்குக் கொஞ்சம் முன்னாடி. விட்டுடலாம்னு இருந்தேன். சத்தியமா விட்டுடலாம்னுதான். அப்ப ஒரு கை வந்து புடிச்சிது. அம்மான்னு தெரிஞ்சிபோச்சு. எப்பிடி விடறது? வந்தவ பயந்துடுவா. அவ போனதும் விடலாம்னு இருந்தேன்."

"அதுக்குள்ள கட்டிட்டா."

"கட்டினத உதறியிருப்பேன். லொட லொடன்னுதான் இருந்துது." அவள் கூரையைப் பார்த்துக்கொண்டே பேசினாள். "அப்புறம் உன் கை வந்துது. எனக்குத் தெரியாதா உன் கை? நல்லா அழுத்தி, வழிச்சு, மூடினே. நான் என்ன நெனச்சேன் தெரியுமா? இவன் வேணும்னேதான் மூடறான்னு நெனச்சேன். இனிமே கல்லே வேண்டாம், நீ தாங்குவ, முழுசாப் போ அப்பிடின்னு சொல்றான்னு நெனச்சேன். சந்தோஷமா இருந்துது. அதுக்காகத்தான் அவ்வளவு நேரம் இருந்தேன். நீயே அறுத்து வழி விட்டப்பறம்தான் விடத் தோணிச்சு."

ஜன்னலுக்கு வெளியே யாரோ வண்டியைப் பின்னால் எடுத்துக்கொண்டிருந்தார்கள். அவன் அது முடியும்வரை காத்திருந்தான். ஆமாம் என்று சொல்லிவிடலாம். சொன்னால் அவள் வாழ்நாள் முழுக்க அதை வைத்துக்கொள்வாள்.

"இல்லக்கா" என்றான். "தொங்கலா இருந்துது. அத என்னால பாத்துட்டு நிக்க முடியல. கை தானாப் போயிடுச்சு."

"சும்மா?"

"சும்மா. பழக்கம். கல்லு ஞாபகமே இல்ல."

அவள் அவனைத் திரும்பிப் பார்த்தாள். கோபம் வரும் என்று அவன் எதிர்பார்த்தான். அவள் சிரிக்கப் போய், மார்பு இழுத்ததால் பாதியில் நிறுத்திக்கொண்டாள்.

"அம்மாகிட்ட சொல்லிட்டியா?"

"தண்ணிதான் காரணம்னேன்."

"அப்பிடியே இருக்கட்டும்." பிறகு, "அடுத்ததுக்கும் நீதான் வரணும்" என்றாள்.

"வரமாட்டேன்."

அது வாயிலிருந்து வந்தபிறகுதான் மூன்று நாளாக அதையே சொல்ல நினைத்துக்கொண்டிருந்தோம் என்பது அவனுக்குத் தெரிந்தது.

"கல்லுக்கு நான் இல்லக்கா. அதுக்கு வேற யாரையாச்சும் பாரு. பேசாம இருக்கறவகிட்டேர்ந்து நான் கண்டுபிடிக்கணும்னா என்னால முடியாது. ஒரு தடவ முந்திட்டேன், ஒரு தடவ பிந்திட்டேன். வரிசைல நின்னு பாக்க வேணா வர்றேன்."

"அப்ப அக்கா தம்பிங்கறது?"

"அத நீதான் இல்லன்னு சொல்லியிருக்க. நீயேதான் 'என் தம்பி உட்பட'ன்னு கையெழுத்தும் போட்டிருக்க. நான் ஒண்ணும் சொல்லல."

அவள் பதில் சொல்வதற்குள் கதவு திறந்தது. நர்ஸ் மருந்துத் தட்டோடு வந்து திரையை இழுத்தாள். தம்பி எழுந்தான். "இரு" என்றாள் அக்கா. அவன் சுவரைப் பார்த்துத் திரும்பி நின்றான்.

ஒட்டிய துணியை நனைக்கிற சத்தம் கேட்டது. பிறகு உரிக்கிற சத்தம்.

"அசையாம இருங்கம்மா, முடிஞ்சிடுச்சு" என்றாள் நர்ஸ்.

கட்டு அறையில் இந்த வார்த்தை வந்தால் அடுத்த நொடி அவன் கை நோயாளியின் தோளைப் பிடித்திருக்கும். இப்போதும் கை கிளம்பியது. பாதி வழியில் அதைப் பிடித்து, இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கோத்துக்கொண்டான்.

"மெதுவா" என்று அக்கா சத்தமாகச் சொன்னாள். "வலிக்குது. நிறுத்துங்க."

நர்ஸ் நிறுத்தினாள்.